வாசலில் போட்ட மேசை

“…வேற எங்கையெண்டாலும் வாறன், என்னத்தைத் தந்தாலும் சாப்பிடுறன், உந்தப் பொந்துக்குள்ள மட்டும் என்னைக் கூப்பிடாதை தம்பி” என்று சொல்லிவிட்டு அக்கா கல்படியில் இருந்துவிட்டார்.

நாங்கள் நின்றது சீனாவில், சோங்சிங் என்ற மலைநகரத்தில், பாறையைக் குடைந்து செய்த ஒரு சாப்பாட்டுக் கடையின் வாசலில். உள்ளே, அக்காவின் ஒரே மகனுக்குப் பெண் கொடுக்கப்போகிறவர் மேசை போட்டுவிட்டுக் காத்திருந்தார். காலையிலிருந்து எங்களைப் படி ஏற்றிப் படி இறக்கிக் கொண்டுவந்த வழிகாட்டிப் பெண் மஞ்சள் கொடியைக் கையில் பிடித்தபடி ஒருதரம் அக்காவைப் பார்த்தாள், ஒருதரம் என்னைப் பார்த்தாள். நான் மாப்பிள்ளையின் தாய்மாமன். இப்படியான இடங்களில் வாய் திறக்கவேண்டியவன் நான்தான். ரொறன்ரோவில் கனகாலம் பஸ் ஓட்டி, ஏறுகிற இறங்குகிற சனத்தோடு கதைத்தே வாழ்ந்த நான் அந்த மஞ்சள் கொடியைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அந்த வாசலுக்கு எப்படி வந்து சேர்ந்தோம் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

அக்காவின் மகன் நிரோவும் யாலினும் ரொறன்ரோவில் ஒரே அலுவலகத்தில் வேலை செய்கிறவர்கள். யாலின் படிக்க வந்து அப்படியே தங்கிவிட்ட பிள்ளை. நிரோ விஷயத்தைச் சொன்னபோது அக்கா ஒரு கிழமை முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. பிறகு அந்தப் பிள்ளை அஜின்கோர்ட்டில் இருக்கிற அக்காவின் வீட்டுக்கு வந்து, இடியப்பத்துக்கு ஊற்றிய சொதியை இரண்டாந்தரமும் கேட்டு வாங்கிக் குடித்தது. “சொதியைக் கேட்டு வாங்கிக் குடிக்கிறவளோடை எனக்கென்ன கோவம்?” என்று அக்கா தீர்ப்புச் சொன்னார். அந்தப் பக்கம் யாலினுக்குத் தாய் இல்லை, தகப்பன் மட்டும். அவர் கடையை விட்டு அசையமாட்டார். ‘மாப்பிள்ளையின் தாய் வந்து என் மேசையில் இருந்து ஒருநேரம் சாப்பிடட்டும், அதற்குப் பிறகு நாள் குறிக்கலாம்’ என்று சொல்லியனுப்பினார். எங்கள் ஆட்களும் இப்படித்தானே, கை நனைக்காமல் சம்பந்தம் இல்லை. எனக்கு அந்த மனிசனை அப்போதே பிடித்துவிட்டது. அவருடைய பெயர் எங்கள் வாயில் சரியாக வரவில்லை என்பதால் சம்பந்தி என்றே சொல்லி வந்தோம்.

கடையின் படத்தை யாலின் காட்டியிருந்தாள். சிவப்பு விளக்குக் கூடுகள் தொங்குகிற வாசல், பக்கத்தில் ஒரு மரம். வாசலுக்கு உள்ளே என்ன இருக்கிறது என்று நாங்கள் கேட்கவில்லை. கடை என்றால் கடைதானே.

முதல் நாள் ரக்சியால் இறங்கியவுடனேயே தொலைந்துபோனோம். கைபேசி ஹோட்டலுக்கு வந்துவிட்டீர்கள் என்கிறது, ஹோட்டலைக் காணவில்லை. வீதியில் இரண்டு தரம் மேலும் கீழும் நடந்தோம். பழங்கள் விற்றுக்கொண்டிருந்த ஒரு மனிசியிடம் நிரோ படத்தைக் காட்ட, அவர் விரலால் நிலத்தைக் காட்டினார். ஹோட்டல் எங்கள் கால்களுக்குக் கீழே இருந்தது. பாலத்தின் ஓரத்தில் ஒரு கட்டடத்துக்குள் நுழைந்து, லிஃப்டில் கீழே போய், வெளியே வந்தால் இன்னொரு வீதி, அதிலும் பஸ் ஓடுகிறது, அதிலும் மரக்கறி விற்கிறார்கள். வீதிக்குக் கீழே வீதி, அதற்குக் கீழே ஆறு. ரொறன்ரோவில் குறுக்குத்தெருவின் பெயரைச் சொன்னால் கண்ணை மூடிக்கொண்டு பஸ்ஸைக் கொண்டுபோய் நிற்பாட்டியிருப்பேன். இங்கே என்னுடைய தொழில் ஒரு சதத்துக்கும் உதவவில்லை.

லிஃப்டில் கீழே இறங்கும்போது அக்கா என்னுடைய கையைப் பிடித்துக்கொண்டார். வெளியே வெளிச்சம் தெரிந்ததும் விட்டார்.

இரண்டாம் நாள் காலையில் வழிகாட்டிப் பெண் வந்தாள். பெயர் வென். யாலின் கடையில் தகப்பனோடு சாப்பாட்டு ஏற்பாட்டில் நின்றதால் சம்பந்தி எங்களுக்காக ஒழுங்குசெய்த பிள்ளை. நல்ல வாய்க்காரி. “இந்த ஊரில் எவ்வளவு தூரம் என்று கேட்காதீர்கள். எவ்வளவு உயரம் என்று கேளுங்கள்” என்றாள் எடுத்த எடுப்பில். தெருவோரத்தில் பிளாஸ்ரிக் முக்காலியில் இருத்தி, மிளகாயெண்ணெயில் பிரட்டிய நூடில்ஸ் வாங்கித் தந்தாள். அதில் ஒரு மிளகு போடுகிறார்கள். அது உறைப்பதில்லை, வாயை விறைக்கப்பண்ணுகிறது. அக்கா இரண்டு வாய் தின்றுவிட்டு உதட்டைத் தொட்டுப் பார்த்தார். “பல்லுப் பிடுங்கிப்போட்டு வந்தமாதிரிக் கிடக்கு. ஆனா நல்லாயிருக்கு” என்றார். பக்கத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்த ஒரு சுமைகாரர், மூங்கில் தடியைச் சுவரில் சாத்திவைத்திருந்தவர், அக்காவைப் பார்த்து ஏதோ சொல்லிச் சிரித்தார். வென் மொழிபெயர்த்தாள்: “வெளியூர்க்காரர் இரண்டாவது வாயோடு ஓடிவிடுவார்கள், இந்த அம்மா எங்கள் ஊர்ப் பெண் என்கிறார்.”

அன்றைக்கு முழுவதும் நடை. ஒரு குடியிருப்புக் கட்டடத்தின் வயிற்றுக்குள் ரயில் புகுந்து மற்றப் பக்கத்தால் வெளியே போவதைச் சனத்தோடு சனமாக நின்று வேடிக்கை பார்த்தோம். இரண்டு ஆறுகள் இரண்டு நிறத்தில் வந்து சேருகிற முனையைப் பனிப்புகாருக்குள்ளால் பார்த்தோம். அடுத்த இடத்துக்கு நிலக்கீழ் ரயிலில் போகலாம், கெதியாகப் போய்விடலாம் என்றாள் வென். அக்கா நிலையத்தின் வாசலில் நின்று, கீழே இறங்கிக்கொண்டே போகிற நகரும் படியைப் பார்த்தார். “நான் பஸ்ஸில வாறன். நீங்கள் போங்கோ” என்றார். எல்லோரும் பஸ்ஸிலேயே போனோம்.

பஸ்ஸில் நிரோ எனக்குப் பக்கத்தில் வந்து இருந்தான்.

“மாமா, சீரியஸ்லி, அம்மாவுக்கு சப்வேயில என்ன பிரச்சினை? சின்ன வயசில கேட்டா நாறுது எண்டு சொல்லுவா. ஐ மீன், பியர்சன் எயார்போட்டுக்கும் பஸ், டவுன்ரவுனுக்கும் பஸ்.”

“அவவைக் கேள்.”

“கேட்டா வேற கதை கதைக்கிறா.”

“அப்ப பொறு” என்றேன். சொல்வதற்கு அது என்னுடைய கதை இல்லை.

இப்போது எழுதுகிறேன் என்றால், அக்காவிடம் கேட்டுத்தான் எழுதுகிறேன். “எழுது. ஆனா அழுதழுது எழுதாதை” என்றார்.

ஊரில் சண்டை நடந்த காலத்தில், எங்கள் வீட்டு வளவில், மாமரத்தடியில், பங்கர் என்ற பதுங்குகுழியை வெட்டியவர் அத்தான், அக்காவின் புருஷன். மேலே பனங்குற்றி, அதற்கு மேலே மண்மூட்டை. விமானச் சத்தம் கேட்டால் பெண்களும் பிள்ளைகளும் உள்ளே, ஆண் வாசலில். யாரும் சட்டம் போட்டுச் சொல்லவில்லை, எல்லா வளவிலும் அப்படித்தான். அன்றைக்கும் அத்தான் வெளிப்பக்கம் முதுகைக் காட்டிக்கொண்டு வாசலில் இருந்தார். அக்கா உள்ளே, நிரோ மடியில். குண்டு வேலிக்கரையில் விழுந்தது. வாசல் மூடுண்டது. அயலில் இருந்தவர்கள் கையாலும் மண்வெட்டியாலும் அள்ளி அள்ளி அக்காவையும் பிள்ளையையும் வெளியே எடுத்தார்கள். அத்தானை அவர்களுக்கு முதலே எடுத்துவிட்டார்கள். அவர்தானே வாசலில் இருந்தவர். நான் அப்போது கனடாவில் இருந்தேன், எனக்கு எல்லாம் ரெலிபோனில் வந்த செய்தி.

நிரோவுக்குத் தெரிந்தது, அப்பா குண்டு விழுந்து செத்தவர் என்பது மட்டும். எங்கே இருந்தார், எப்படி இருந்தார் என்று அக்கா அவனுக்குச் சொன்னதில்லை.

ரொறன்ரோவில் வந்து இறங்கிய எங்கள் சனம் முக்கால்வாசியும் முதலில் யாரோ ஒருவருடைய பேஸ்மென்ற்றில், வீட்டுக்குக் கீழே உள்ள நிலவறையில், இருந்து எழும்பியவர்கள்தான். அக்கா இருக்கவில்லை. நான் ஒழுங்குபண்ணிய பேஸ்மென்ற்றின் படியை எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பியவர், கரப்பான் பூச்சி நிறைந்த ஒரு மாடிக்கட்டடத்தின் உச்சியில் போய்ப் பிள்ளையோடு குடியிருந்தார். “உங்கட அக்காவுக்கு மேலை போனாத்தான் காத்து வருமோ?” என்று என்னுடைய முகத்துக்கு நேரே கேட்டவர்கள் உண்டு. பெருமைக்காரி என்று பெயர் எடுத்தார். எடுத்த பெயரை அப்படியே வைத்திருந்தார், விளக்கம் சொல்லப் போகவில்லை. அந்தக் கட்டடத்தில் உடுப்புத் தோய்க்கிற லோண்ட்ரி அறை நிலத்துக்குக் கீழே. உடுப்புக் கூடையைக் கொண்டுபோவது நிரோவின் வேலை. கூடை அவனுடைய நெஞ்சுக்கு மேலே நிற்கிற வயதில் தொடங்கியது அது. அக்கா மேலே லிஃப்டின் வாசலில் அவன் திரும்பி வருமட்டும் நிற்பார்.

அந்த இரண்டாம் நாள் பின்னேரம் வென் எங்களை ஒரு தேத்தண்ணிக் கடைக்குக் கூட்டிக்கொண்டு போனாள். அடுத்த நாள் சம்பந்தி வீட்டுச் சாப்பாட்டில் பிழை விடக்கூடாது என்று நிரோவுக்குப் பயம். மேசையில் யார் எங்கே இருப்பது என்று அவளிடம் கேட்டான். அவள் தேநீர்க் கிண்ணங்களை வைத்துக் காட்டினாள். வாசலைப் பார்த்தபடி, ஆக உள்ளே இருப்பது பெரிய இடம், அது வந்த விருந்தாளிக்கு. வாசலுக்குக் கிட்ட, முதுகைக் காட்டிக்கொண்டு இருப்பது சின்ன இடம். அடக்கமான மருமகன் அங்கேதான் போய் இருப்பான். விருந்தாளி முதல் வாய் எடுக்காமல் மற்றவர்கள் தொடமாட்டார்கள். நிரோ பரீட்சைக்குப் படிக்கிறவன்போல் திருப்பித் திருப்பிச் சொல்லிப் பார்த்தான். “வாசலுக்குக் கிட்ட. பின்பக்கம் ரோட். ஓகே.” அக்கா அந்த நேரம் யன்னலோரம் நின்று ஆற்றைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மூன்றாம் நாள்தான் பெரிய நடை. பழைய நகரத்தின் படிகளால் மெல்ல மெல்ல இறங்கி, மத்தியானம் சம்பந்தியின் கடையில் முடிப்பது என்று ஒழுங்கு. படி என்றால் வீட்டுப் படி மாதிரி இல்லை. ஆட்களின் குசினி அடுப்புக்குப் பக்கத்தால், காயப்போட்ட உடுப்புக்குக் கீழால், சீட்டாடுகிற கிழவர்களின் காலைத் தாண்டிப் போகிற படி. “ஏறுகிறவர்களைப் பார்த்துச் சிரிக்காதே, நாளைக்கு நீயும் ஏறவேண்டும்” என்று அவர்களில் ஒருத்தர் இன்னொருத்தருக்குச் சொன்னதாக வென் மொழிபெயர்த்தாள். பச்சை, ஈரம், சுவரில் ஆலமரம்போல் வேர்விட்ட மரங்கள். அக்காவுக்கு அந்த நடை பிடித்திருந்தது. மூச்சு வாங்கினாலும் முகம் தெளிவாக இருந்தது.

ஒரு வளைவு திரும்பியதும் மலைச்சுவர் முழுக்கக் கதவுகள். பாறையில் வெட்டிய வளைவுகள், வரிசையாக. ஒன்றுக்குள் மோட்டார்சைக்கிள் திருத்துகிறார்கள். ஒன்றுக்குள் தலைமயிர் வெட்டுகிறார்கள். ஒன்று இரும்புக் கதவு போட்டுப் பூட்டிக் கிடக்கிறது.

“யுத்த காலத்தில் யப்பான் விமானங்கள் வந்தன” என்றாள் வென், நின்று கொடியைத் தாழ்த்தி. “ஊர் முழுக்கப் பாறைக்குள் போனது. இதெல்லாம் அப்போது குடைந்தவை. உள்ளேயே மூச்சுமுட்டி இறந்தவர்களும் இருக்கிறார்கள்.”

அவள் ஆங்கிலத்தில் சொன்னதை நான் மொழிபெயர்க்கவேண்டிய தேவை இருக்கவில்லை. அக்கா வளைவுகளை எண்ணுகிறவர்போல் ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டு போனார். ஒரு கதவுக்குக் கிட்டப் போய், உள்ளே இருந்து வந்த குளிர்காற்றில் கையைப் பிடித்துவிட்டு, எடுத்துக்கொண்டார்.

“பங்கர்” என்றார்.

அதற்கு அடுத்த வளைவில்தான் சிவப்புக் கூடுகள் தொங்கின. பக்கத்தில் அந்த மரம். படத்தில் பார்த்த அதே வாசல். உள்ளே நீளமாகப் போகிறது பாறை, மேசை மேசையாக விளக்கு, ஆக உள்ளே ஒரு வட்டமேசையில் சிவப்புத் துணி. யாலின் ஓடிவந்து, “வாங்கோ அன்ரி” என்று தமிழில் சொன்னாள். ஒரு மாதமாகப் பழகிய சொல்.

அக்கா கல்படியில் இருந்து அந்த வார்த்தையைச் சொன்னது அப்போதுதான்.

யாலினுடைய முகம் சுருங்கிப்போனது. “அம்மாவுக்குச் சுகமில்லையா?” என்று நிரோவைக் கேட்டாள். நிரோ என்னைப் பார்த்தான். உள்ளே இருந்து சம்பந்தி வந்தார். கட்டையான மனிசர், முன்னுக்கு ஏப்ரன், கையில் உள்ளிமணம். அவர்களுடைய குழம்பு மாட்டுக்கொழுப்பில்தான் கொதிக்கும். எங்களுக்காக மரக்கறியெண்ணெயில் தனியாக ஒரு சட்டி வைத்திருந்தார். சமையல்காரர்கள் தன்னைப் பகிடி பண்ணினார்கள் என்று பிற்பாடு சொன்னார். அப்படிப் பார்த்துப் பார்த்துச் செய்தவர், படியில் இருக்கிற அக்காவையும் உள்ளே உள்ள சிவப்பு மேசையையும் மாறி மாறிப் பார்த்தார். தன்னுடைய கடையைப் பார்த்து முகத்தைச் சுளித்துவிட்டார்கள் என்று நினைத்திருப்பார். நானாக இருந்தாலும் அப்படித்தான் நினைத்திருப்பேன்.

நான் வென்னைத் தள்ளிக் கூட்டிக்கொண்டுபோய், நான்கு வசனத்தில் சொன்னேன். எங்கள் ஊரிலும் விமானம் வந்தது. எங்கள் வளவிலும் இப்படி ஒன்று இருந்தது. இவர் அதற்குள் இருந்தவர். புருஷனை அங்கே விட்டுவிட்டு வந்தவர்.

வென் சம்பந்தியிடம் சொன்னாள். அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

“குண்டா, மூச்சா என்று கேட்கிறார்.”

“குண்டு” என்றேன்.

அவர் தலையாட்டினார். ஏப்ரனில் கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனார். போனவர் வேலையாள் ஒருவரோடு ஒரு பழைய சதுர மேசையைத் தூக்கிக்கொண்டு வந்தார். அதில் உரித்த உள்ளித்தோல் ஒட்டியிருந்தது. வாசலில், பாதி பாறைக்குக் கீழும் பாதி வானத்துக்குக் கீழும் வருகிறமாதிரி வைத்தார். ஈரத்துணியால் தானே துடைத்தார்.

“உள்ளே வரமாட்டோம் என்ற ஆட்கள் இந்த ஊரிலும் இருந்தார்கள்” என்று வென் அவர் சொல்லச் சொல்லச் சொன்னாள். “அவர்களுக்காக இவருடைய அப்பா வாசலில் போட்ட மேசையாம். அந்த ஆட்கள் எல்லோரும் போய்விட்டார்கள். மேசையில் இப்போது உள்ளி உரிக்கிறார்களாம்.”

அக்கா எழும்பினார். பாறையின் விளிம்பை அண்ணாந்து பார்த்தார். சம்பந்தி இரண்டு கையாலும் காட்டிய பெரிய இடத்தில், வெளியைப் பார்த்தபடி, வந்து இருந்தார். உள்ளே இருந்து சட்டி வந்தது, அடுப்பு வந்தது. தாமரைக் கிழங்கு, காளான், சோயாக்கட்டி, ஏதேதோ கீரை என்று தட்டுகள் வந்தன. யாலின் ஒரு பக்கம், சம்பந்தி ஒரு பக்கம், நான் ஒரு மூலை. நிரோ சுற்றி வந்து, படித்த பாடத்தை மறக்காமல், வெளிப்பக்கத்து முக்காலியை இழுத்து, வீதிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு இருந்தான்.

குழம்பு கொதித்தது. சம்பந்தி ஒரு கிழங்குத் துண்டை எடுத்து அக்காவின் கிண்ணத்தில் வைத்தார். அக்கா தொடவில்லை. அவர் தொடாமல் யாரும் தொடவில்லை. யாலின் மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சம்பந்தியின் கண் அந்தக் கிண்ணத்திலேயே நின்றது.

அக்கா மகனைப் பார்த்துக்கொண்டிருந்தார். வெளிச்சம் அவனுக்குப் பின்னால் இருந்ததால் அவனுடைய முகம் தெரியவில்லை, ஆள் மட்டும் தெரிந்தது. தோள் அத்தானுடைய தோள். எனக்கும் அப்போதுதான் விளங்கியது.

“நிரோ, எழும்பு.”

“வொய் அம்மா? இதுதான் என்ர இடம். வென்தான் சொல்லித் தந்தவ, சின்ன ஆக்கள்…”

“உன்ர அப்பா உப்பிடித்தான் இருந்தவர். அதே இருப்பு. நான் உள்ளுக்கை உன்னை மடியில வச்சுக்கொண்டு அவரையே பாத்துக்கொண்டிருந்தனான். எழும்பு ராசா.”

நிரோ அசையவில்லை. சின்னப் பிள்ளையின் குரலில் கேட்டான்.

“லோண்ட்ரிக்கு… இதாலதானா என்னை அனுப்பினீங்கள்?”

“ஓம்.”

அவன் எழும்பி நின்றான். அக்கா மேசையைச் சுற்றி வந்து, அவனுடைய தோளில் கைவைத்துத் தள்ளி, தன்னுடைய இடத்தில் அவனை இருத்தினார். சம்பந்தி பதறி எழும்பி, அது சின்ன இடம், விருந்தாளி இருக்கிற இடமில்லை என்று கையாட்டிக்கொண்டு ஏதோ சொன்னார். அக்கா அவரைப் பார்த்துத் தலையசைத்துவிட்டு, முக்காலியை முன்னுக்கு இழுத்து, வீதிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு வாசலில் இருந்தார். கையை நீட்டித் தன்னுடைய கிண்ணத்தைத் தன் பக்கம் எடுத்து, ஆறிப்போயிருந்த அந்தக் கிழங்குத் துண்டை வாயில் வைத்தார்.